இடது பக்கம் நடப்பவன்

ரயிலைவிட்டு இறங்கி வெளியே வந்ததும் முதலில் கண்ணில் பட்டவை சைக்கிள்கள்தான். நிலையத்தின் கம்பி வேலி நெடுக ஒன்றன்மேல் ஒன்று சாய்ந்து, பனியில் நனைந்து கிடந்தன. அவற்றுக்கு அப்பால் ஊர் இருக்க வேண்டிய இடத்தில் வெள்ளையாக ஒரு மூட்டம் மட்டும் நின்றது. அதற்கு மேலே இரண்டு மூன்று கோபுரங்களின் நுனிகள் தெரிந்தன.

"ஊரை யாரோ ரப்பர் வெச்சு அழிச்சிட்டாங்க போல" என்றாள் மகள்.

தாய் சிரிக்கவில்லை. கைப்பையை இறுக்கிப் பிடித்தபடி நடந்தாள்.

மகளை வீட்டில் எல்லோரும் கடுகு என்றுதான் கூப்பிடுவார்கள். பிறந்தபோது உள்ளங்கையளவே இருந்தாள். அழுகை மட்டும் தெருமுனைவரை கேட்டது. "கடுகு சிறுத்தாலும் காரம் குறையலையே" என்று சொல்லி அந்தப் பெயரை வைத்தவன் அவளுடைய மாமன், அதாவது தாயின் தம்பி. பெயர் நிலைத்துவிட்டது. வைத்தவன் நிலைக்கவில்லை.

அவன் இந்த ஊர்ப் பல்கலைக்கழகத்தில்தான் படித்தான். கடுகு பள்ளிக்கூடத்தில் எழுத்துக்கூட்டிக்கொண்டிருந்த வயதில், ஒரு பனிக்காலத்தில், இங்கே ஆற்றில் விழுந்து இறந்துபோனான். உடலை அடையாளம் காட்டிக் கொண்டுவரக் கடுகின் அப்பாதான் வந்தார். தாயால் வர முடியவில்லை. அதற்குப் பிறகு இந்த ஊர் இருக்கும் திசையில் தலைவைத்தும் படுப்பதில்லை என்றிருந்தாள். இப்போது கடுகுக்கு அதே பல்கலைக்கழகத்தில் இடம் கிடைத்திருந்தது. அவள் விண்ணப்பித்ததே தாய்க்குத் தெரியாது.

"ஒரே ஒரு தடவ வந்து பாரும்மா. பார்த்துட்டு வேண்டாம்னு சொன்னா நான் கேட்டுக்கறேன்" என்று மகள் கெஞ்சியதால் வந்தாள். வேண்டாம் என்ற சொல்லை வீட்டிலேயே தயார்செய்து எடுத்துக்கொண்டுதான் வந்திருந்தாள்.

தங்குமிடத்தில் பைகளை வைத்ததும் கடுகு தன் போனில் ஒன்றைத் திறந்து காட்டினாள். ஊரைத் தனியாகச் சுற்றிப் பார்க்கிறவர்களுக்கான ஒலிப்பதிவு. ஒரு பெண்குரல் கூடவே வந்து வழி சொல்லும், நிற்க வேண்டிய இடத்தில் நிற்கச் சொல்லும், அந்த இடத்தின் கதையைச் சொல்லும்.

"போன வருஷம்தான் பதிவு பண்ணியிருக்காங்க. தெருவிலேயே நடந்துகிட்டு பேசியிருக்காங்களாம். அதனால மணிச் சத்தம், சைக்கிள் சத்தம் எல்லாம் நிஜமாவே கேக்கும்."

மகளுடைய வயரில்லாத இயர்போனில் சார்ஜ் தீர்ந்திருந்தது. தாயின் பைக்குள் ஒரு பழைய வயர் இயர்போன் இருந்தது. ஆளுக்கொரு முனையாகப் போட்டுக்கொள்வது என்று முடிவானது. வலது முனையை மகள் எடுத்துக்கொண்டாள். இடது முனை தாய்க்கு.

"டாக்டர் மாதிரி தலைய ஆட்டாம கேளும்மா. இது டெஸ்ட் இல்ல."

அவள் டாக்டர் இல்லை. ஒரு மருத்துவமனையில் காது கேட்கும் திறனைச் சோதிக்கிற வேலை. ஒலி புகாத சிறிய அறையில் ஆளை உட்காரவைத்து, காதில் கருவியை மாட்டி, கண்ணாடிக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்து மெல்லிய சத்தங்களை அனுப்புவாள். கேட்டால் பட்டனை அழுத்த வேண்டும். வருடக்கணக்காக அதைப் பார்த்துப் பார்த்து அவளுக்கு ஒன்று தெரிந்திருந்தது. அனுப்பாத சத்தத்துக்கும் பட்டனை அழுத்துகிறவர்கள் உண்டு. அவர்கள் பொய் சொல்வதில்லை. எதிர்பார்த்துக்கொண்டே இருந்தால் காது ஒன்றை உண்டாக்கிக்கொள்ளும்.

இந்த வேலைக்கு அவள் வந்ததே தம்பியால்தான். சின்ன வயதில் சீழ் பிடித்து அவனுடைய இடது காது போய்விட்டது. அப்பா அம்மா இருவரும் அடுத்தடுத்துப் போய்விட, கல்யாணமாகி வந்தபோது அவனையும் கையோடு கூட்டிக்கொண்டு வந்தாள். "ஒண்ணு வாங்கினா ஒண்ணு இலவசம்" என்று கணவர் எல்லோரிடமும் சொல்லிச் சிரிப்பார். ஆனால் அவனுக்கு முதல் செருப்பும் முதல் சைக்கிளும் வாங்கித் தந்தவர் அவர்தான்.

தெருவில் நடக்கும்போது தம்பி எப்போதும் அக்காவுக்கு இடது பக்கமாகத்தான் வருவான். அப்போதுதான் அவனுடைய நல்ல காது, வலது காது, அவள் பக்கம் இருக்கும். தவறிப்போய் அவள் மறுபக்கம் வந்துவிட்டால் ஒன்றும் சொல்லாமல் சுற்றிக்கொண்டு வந்து சேர்ந்துகொள்வான். அப்படியும் பாதி வார்த்தை அவனுக்கு விழாது. தலையைச் சாய்த்து "ம்?" என்பான். ஒரு நாளைக்கு நூறு "ம்?" கேட்டு அவள் சலித்திருக்கிறாள்.

மணிக்கூண்டின் கீழே நின்று கடுகு பொத்தானைத் தொட்டாள்.

"வணக்கம். உங்களோடு நடக்கப்போவது நான்தான்" என்றது பெண்குரல். நடுத்தர வயது, கனிவான குரல். "அவசரப்படாதீர்கள். இந்த ஊர் யாரையும் அவசரப்படுத்துவதில்லை."

குரலுக்குப் பின்னால் அந்தப் பெண்ணின் காலடிகள் கேட்டன. கல்தரையில் குதிகால் பட்டுப் பட்டு எழும் சத்தம். தூரத்தில் மணி. ஒரு சைக்கிள் கடந்தது. நன்றாகத்தான் பதிவு செய்திருக்கிறார்கள் என்று அவள் நினைத்தாள். அப்புறம் இன்னொரு காலடியையும் கேட்டாள். அந்தப் பெண்ணுக்குக் கொஞ்சம் பின்னால், காலைத் தேய்த்துத் தேய்த்து நடக்கிற சத்தம். கருவி பிடித்துக்கொண்டு வந்த உதவியாளராக இருக்கும்.

மணிக்கூண்டிலிருந்து புத்தகக் கடைகளின் சந்து. சந்து முடிந்ததும் பழைய நூலகம். படிகள் நடுவில் தேய்ந்து குழிந்திருந்தன. குழிகளில் தண்ணீர் நின்றது. பனிமூட்டம் ஆட்களை இடுப்பளவு விழுங்கியிருந்தது. மாணவர்கள் கழுத்துத்துணியைச் சுற்றிக்கொண்டு திடீரென்று எதிரே முளைத்தார்கள், திடீரென்று இல்லாமல் போனார்கள். கடுகு ஒவ்வொன்றையும் கண் விரியப் பார்த்தாள். இங்கே படிக்கப்போகிறவளின் பார்வை அது என்று தாய்க்குப் புரிந்தது. வேண்டாம் என்ற சொல் நாக்கில் கனத்தது.

"இந்த நூலகத்தில் ஒரு காலத்தில் புத்தகங்களைச் சங்கிலியால் கட்டிவைத்திருந்தார்கள்" என்றது குரல்.

"ம்?"

அவள் நின்றுவிட்டாள்.

"ஏம்மா?"

"இப்ப ஒரு சத்தம் வந்துச்சே. 'ம்?'னு."

"எனக்குக் கேக்கலையே."

"திருப்பிப் போடு."

கடுகு பின்னுக்கு நகர்த்திப் போட்டாள். சங்கிலியால் கட்டிவைத்திருந்தார்கள். காலடிகள். காற்று. வேறு ஒன்றும் இல்லை.

"உனக்கு வயசாகுதும்மா" என்று மகள் அவள் தோளில் இடித்தாள். "முதல்ல உன் காதை டெஸ்ட் பண்ணணும்."

அவளும் சிரித்து வைத்தாள். எதிர்பார்க்கிற காது. வேறென்ன.

ஆனால் நூலகத்தைச் சுற்றிக்கொண்டு பின்பக்கம் போகும்போது, கால் தேய்க்கும் சத்தம் முன்னைவிடப் பக்கத்தில் வந்திருந்தது. இப்போது அது பதிவுசெய்த பெண்ணுக்குப் பின்னால் இல்லை. அந்தப் பெண் நடந்துகொண்டே இருந்தாள். அது தாயோடு நடந்தது. தாய் வேகமாக நடந்தால் வேகமாக. தயங்கினால் தயங்கி. அவள் வேண்டுமென்றே ஒரு கடை வாசலில் நின்றாள். பெண்ணின் குதிகால் சத்தம் பதிவில் டக் டக்கென்று முன்னே போனது.

தேய்க்கும் கால் நின்றது.

அவளுடைய இடது பக்கத்தில்.

அவள் திரும்பிப் பார்த்தாள். ஈரச்சுவர். சுவரில் ஒரு மழைநீர்க் குழாய். வேறு யாருமில்லை. ஆற்றங்கரைப் பாசியின் வாடை மட்டும் லேசாக வந்தது. ஆறு இன்னும் இரண்டு தெரு தள்ளி இருந்தது.

"அடுத்து நாம் பார்க்கப்போவது மாணவர்கள் காத்திருந்து தேர்வு முடிவு பார்க்கும் முற்றம்" என்றது குரல்.

"ம்?" என்றது இடது காதில் இன்னொரு குரல். "என்ன முற்றம்?"

அதற்குமேல் சந்தேகத்துக்கு இடமில்லை. ஆயிரம் குரலுக்கு நடுவில் அவள் அதை எடுத்துவிடுவாள். தாங்கள் எவ்வளவு சத்தமாகப் பேசுகிறோம் என்று தெரியாதவர்கள் பேசுகிற, கொஞ்சம் தூக்கலான குரல்.

"டீ குடிக்கலாமா?" என்றாள் மகளிடம். அவளுடைய குரல் அவளுக்கே அந்நியமாகக் கேட்டது.

முற்றத்துக்கு எதிரே ஒரு சிறிய டீக்கடை இருந்தது. மகள் வரிசையில் நின்றபோது அவள் கண்ணாடிக் கதவுக்கு வெளியே வந்து கணவருக்குப் போன் செய்தாள். அவர் கார் ஓட்டக் கற்றுக்கொடுப்பவர். போனை எடுக்கும்போதே யாரையோ "கிளட்ச்சை விடுங்க, விடுங்க, அய்யோ மெதுவா விடுங்க" என்று அதட்டிக்கொண்டிருந்தார். வண்டி நின்றது கேட்டது.

"சொல்லு. ஊர் எப்படி இருக்கு?"

"அவன் இருக்கான்."

"யாரு?"

கேட்டு முடிப்பதற்குள் அவருக்குப் புரிந்துவிட்டது. என்ஜினை அணைத்தார்.

"கடுகு எங்க?"

"உள்ள டீ வாங்கறா. அவளுக்கு ஒண்ணும் கேக்கல. எனக்கு மட்டும்தான். இடது பக்கம்." மூச்சை இழுத்துக்கொண்டாள். "அன்னிக்கு அந்தப் பையன் உங்ககிட்ட என்ன சொன்னான்? கூடப் போன பையன். சரியா சொல்லுங்க."

"இப்ப எதுக்கும்மா அது?"

"சொல்லுங்க."

அவர் வண்டியைவிட்டு இறங்கித் தள்ளி வந்தார் போலிருந்தது. குரல் தாழ்ந்தது. "ரெண்டு பேரும் வெளியே போயிட்டு லேட்டா வந்தாங்க. விடுதி கேட்டைச் சாத்திட்டாங்க. ஆத்துப் பக்கம் சுவர் முடியற இடத்துல கல்லு கல்லா நீட்டிக்கிட்டு இருக்கும், அதுல கால் வெச்சு சுத்தி உள்ள போயிடுவாங்க பசங்க. அந்தப் பையன் முதல்ல போயிட்டான். ஒரு கல்லு ஆடறது தெரிஞ்சிருக்கு. 'கல்லு ஆடுது, கால வெக்காதே'ன்னு கத்தியிருக்கான். ஆனா அவன் கத்தினது..."

"இடது பக்கத்துலேர்ந்து."

"ம். இவன் காதுல விழல."

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் கடுகு இரண்டு கோப்பைகளைத் தூக்கிப்பிடித்துச் சிரித்தாள்.

"இங்க பாரு" என்றார் கணவர். "நான் சொல்றதைக் கேளு. அதைக் கழட்டிப் பைக்குள்ள போடு. பிள்ளையக் கூட்டிக்கிட்டு ரூமுக்குப் போயிடு. ஆத்துப் பக்கம் போகாதீங்க."

"சரி" என்றாள்.

சரி என்று சொன்னதோடு சரி. டீ ஆறும்வரைகூட அவளால் உட்கார முடியவில்லை. இத்தனை வருடம் ஒரு கனவில்கூட வராதவன், ஒரு கை தூரத்தில் நடந்து வந்துகொண்டிருக்கிறான். அதைக் கழற்றிப் பைக்குள் போட எந்த அக்காவால் முடியும்?

"கடைசி இடம் ஆத்தங்கரைம்மா" என்றாள் கடுகு, அவள் முகத்தைப் பார்க்காமல். "மாமா விழுந்த இடம் அங்கதான்னு எனக்குத் தெரியும். உனக்கு வேண்டாம்னா இங்கயே முடிச்சுக்கலாம்."

"பரவால்ல. போலாம்."

ஆற்றுக்குப் போகும் பாதை இரண்டு உயரமான சுவர்களுக்கு நடுவே இறங்கியது. பகல் இன்னும் முடியவில்லை. ஆனால் இங்கே வெளிச்சம் அழுக்குத் தண்ணீர் நிறத்தில் இருந்தது. பாசி வாடை இப்போது நிஜமான ஆற்றிலிருந்து வந்தது. வலப்பக்கம் மகள். இடப்பக்கம் சுவருக்கும் அவளுக்கும் நடுவே ஓர் ஆள் நடக்கிற அளவுக்கு இடைவெளி. அந்த இடைவெளியை விட்டுத்தான் நடக்கிறோம் என்பதை அவள் கவனித்தாள். எப்போதிலிருந்து என்று தெரியவில்லை.

பாதை முடிந்து ஆறு வந்தது. அலையில்லாமல், சத்தமில்லாமல், கறுப்பாகப் போய்க்கொண்டிருந்தது. விடுதியின் சுவர் கரையோரமாக வந்து தண்ணீருக்குள் இறங்கி முடிந்தது. முடிகிற இடத்தில் கற்கள் படிபோல நீட்டிக்கொண்டிருந்தன. எத்தனையோ தலைமுறைக் கால்கள் பட்டு அவை பளபளத்தன.

"இதோ, நம் ஊரின் மிகப் பிரபலமான பின்வாசல்" என்று குரல் சிரித்தது. "கேட் சாத்திய பிறகு வரும் மாணவர்களுக்கு இந்தக் கற்கள்தான் வழி. இந்தச் சுவரைச் சுற்றி வராதவனுக்குப் பட்டமே கிடையாது என்று வேடிக்கையாகச் சொல்வார்கள். ஒரு பேராசிரியர்கூட..."

வேடிக்கை. ஊருக்கு அது வேடிக்கை. இங்கே ஒருவன் விழுந்தது அந்தக் குரலுக்குத் தெரியாது. தெரிந்திருந்தாலும் சொல்லியிருக்காது.

"அம்மா, இதைப் பிடி. ஒரு போட்டோ எடுத்துட்டு வரேன்." கடுகு தன் காதிலிருந்த முனையைக் கழற்றித் தாயின் கையில் கொடுத்தாள். ஒலிப்பதிவு ஓடிய தன் போனையும் தாயிடம் விட்டுவிட்டு, தாயின் போனை வாங்கிக்கொண்டு கரையோரம் போனாள்.

குரல் பேராசிரியரின் கதையைச் சொல்லிக்கொண்டிருந்தது.

"அக்கா."

அவள் அசையவில்லை.

"அக்கா, நீதானே?"

"நான்தான்டா" என்றாள். உதடு மட்டுமே அசைந்தது.

"ம்? சத்தமா பேசுக்கா."

"நான்தான்."

"வந்துட்டியா." அதில் கோபம் இல்லை. வெகுநேரம் நின்று கால் வலித்த ஒருவனின் அலுப்பு மட்டும் இருந்தது. "அக்கா, அந்தப் பக்கத்துலேர்ந்து யாரோ என்னமோ கத்தினாங்க. எனக்குச் சரியா விழல. என்ன சொன்னாங்க?"

அவளுக்குக் கண் மறைத்தது. இத்தனை பனிக்காலமும் இதைக் கேட்டுக்கொண்டுதான் நின்றிருக்கிறானா? யாரும் பதில் சொல்லாத கேள்வியோடு, இந்தத் தண்ணீர் ஓரத்தில்?

"யாரைக் கேட்டாலும் நிக்கவே மாட்டேங்கறாங்க" என்றான். "காதுல எதையோ மாட்டிக்கிட்டுப் போயிடறாங்க."

"குளிருதாடா?"

"ம்?"

"குளிருதான்னு கேட்டேன்."

"தெரியலக்கா." குரல் கரைப் பக்கம் திரும்பியது. "அது யாரு? நம்ம கடுகா?"

அவள் நிமிர்ந்து பார்த்தாள்.

கடுகு சுவர் முடிகிற இடத்தில் நின்றிருந்தாள். போட்டோ எடுக்கவில்லை. போன் கையில் தொங்கியது. தண்ணீரைப் பார்த்து நின்றாள்.

"வளந்துட்டா" என்றான் தம்பி. அவன் குரலில் சந்தோஷம் இருந்தது. அந்தச் சந்தோஷம்தான் அவளைப் பயமுறுத்தியது. "அவ இங்கயே இருக்கட்டும்கா. நல்ல காது அவளுக்கு. கூட நின்னா என்ன சொல்றாங்கன்னு கேட்டு எனக்குச் சொல்லுவா. எனக்குத் தனியா ஒண்ணும் புரியல."

"வேண்டாம்டா. அவ குழந்தை."

"ம்?"

"வேண்டாம்."

அந்தச் சொல்லும் அவனுக்கு விழவில்லை போலிருந்தது. கால் தேய்க்கும் சத்தம் அவளைவிட்டு நகர்ந்தது. இடது காதில் இருந்தது மெல்ல மெல்லத் தேய்ந்து, கரையோரமாகப் போனது.

கடுகு தலையை ஒருபக்கமாகச் சாய்த்தாள்.

"ம்?" என்றாள்.

காதில் ஒன்றும் மாட்டாமல், பக்கத்தில் ஆளே இல்லாத இடத்தைப் பார்த்து.

"ம்? எங்க?"

பிறகு சிரித்தாள். தெரிந்தவர் கை நீட்டினால் சிரிப்பதுபோல. வலது காலைத் தூக்கி முதல் கல்லில் வைத்தாள். இடது காலும் கரையைவிட்டது. அடுத்த கல்லுக்காகப் பாதம் காற்றில் துழாவியது.

தாய் ஓடினாள். ஓடினாலும் எட்ட முடியாது என்று தெரிந்தது. அவளிடம் இருந்தது தொண்டை ஒன்றுதான். வாழ்க்கையில் அதுவரை அப்படி அவள் கத்தியதில்லை.

"கல்லு ஆடுது. கால வெக்காதே."

மகளிடம் சொன்னாளா, தம்பியிடம் சொன்னாளா, அவளுக்கே தெரியாது. அந்த வார்த்தைகள் சுவரில் பட்டு, தண்ணீரில் பட்டு, எதிர்க்கரை மரங்களில் பட்டுத் திரும்பி வந்தன.

கடுகின் பாதம் நின்றது. நுனிவிரல் மட்டும் அந்தக் கல்லைத் தொட்டிருந்தது. தொட்டதற்கே கல் பெயர்ந்து, சாவகாசமாகத் திரும்பி, ஆற்றில் விழுந்தது. தண்ணீர் அதை ஒரு வாய் சோறுபோல வாங்கிக்கொண்டது.

தாய் மகளின் சட்டையைக் கொத்தாகப் பிடித்து இழுத்தாள். இருவரும் ஈரப்புல்லில் விழுந்தார்கள். வயர் கழன்று எங்கோ போய் விழுந்திருந்த போனிலிருந்து குரல் பேசிக்கொண்டே இருந்தது. இயர்போனின் ஒரு முனை இன்னும் அவள் இடது காதிலேயே இருந்தது.

காதுக்குள் காற்றின் சத்தம்.

"ஓ" என்றான் தம்பி. மிகச் சன்னமாக. "இதைத்தான் சொன்னாங்களா."

அவள் வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள்.

"ரொம்ப சின்ன விஷயம்தான்க்கா" என்றான். அதற்குப் பிறகு ஒன்றும் கேட்கவில்லை.

"இத்தோடு நம் நடை முடிகிறது" என்றது பெண்குரல். "உங்களோடு வந்ததில் மகிழ்ச்சி."

கடுகுக்கு அதிகம் நினைவில்லை. யாரோ தன் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டதுபோல இருந்தது என்றாள். பயமாக இல்லை, ரொம்பப் பாசமாகக் கூப்பிட்டார்கள் என்றாள். அன்றைக்கே இருவரும் ஊர் திரும்பினார்கள். வேண்டாம் என்று தாய் சொல்லவே வேண்டியிருக்கவில்லை. வேறோர் ஊரில் கிடைத்த இடத்தைக் கடுகு தானாகவே எடுத்துக்கொண்டாள்.

அடுத்த பனிக்காலத்தில் தாய் மட்டும் மறுபடி அங்கே போனாள். கணவர் தடுக்கவில்லை. ரயிலேற்றிவிட வந்தவர், "பார்த்துப் பேசிட்டு வா" என்று மட்டும் சொன்னார். பக்கத்து ஊரில் இருக்கும் உறவுக்காரரைப் பார்க்க அனுப்புகிறவர்போல.

அதே ஒலிப்பதிவு. மணிக்கூண்டு, சந்து, நூலகம், முற்றம். இரண்டு முனைகளையும் மாட்டிக்கொண்டு நடந்தாள். பெண்ணின் குதிகால் சத்தம், மணி, சைக்கிள், காற்று. தேய்க்கும் கால் இல்லை. "ம்?" இல்லை. இடது பக்கம் வேண்டுமென்றே இடம் விட்டு நடந்தும் பார்த்தாள். வெறும் இடம்தான்.

போய்விட்டான் என்று நினைத்தாள். கேள்விக்குப் பதில் கிடைத்தது, போய்விட்டான். அது நல்லதுதான். நல்லதுதான் என்று தனக்குத் தானே சொல்லிக்கொண்டபோது, முதல் முறை அவன் இறந்தபோது அழாத ஓர் அழுகை வந்தது.

ஆற்றங்கரையில், சுவர் முடிகிற இடத்தில் இப்போது இரும்புக் கம்பி போட்டிருந்தார்கள். அதற்குப் பக்கத்துப் பெஞ்சில் ஓர் இளம்பெண் உட்கார்ந்திருந்தாள். சுற்றிப் பார்க்க வந்தவள். அவள் காதிலும் வயர் தொங்கியது. முகம் வெளிறியிருந்தது.

"ஏங்க" என்றாள் இவளைப் பார்த்து. "நீங்களும் இதைத்தான் கேக்கறீங்களா? அந்த நடைப்பதிவு?"

"ஆமா."

"நடுவுல ஒரு பையன் பேசறானே. அது கதையில ஒரு பகுதியா?"

தாய் மெதுவாக அவள் பக்கத்தில் உட்கார்ந்தாள். "என்ன பேசறான்?"

"அக்கா வந்துட்டாளான்னு. அதையேதான் கேட்டுக்கிட்டு இருக்கான். எனக்குத் தம்பியே கிடையாதுங்க." அவள் தன் இடது காதிலிருந்து முனையைக் கழற்றி நீட்டினாள். "பாருங்க. இப்பக்கூட கேக்குது."

தாய் அதை வாங்கிக் காதில் வைத்துக்கொண்டாள். மூச்சை அடக்கினாள். வேலை செய்யும் அறையில் மிக மெல்லிய சத்தத்தைத் தேடுகிறவள்போல எல்லாவற்றையும் நிறுத்திவிட்டுக் கேட்டாள்.

பேராசிரியரின் கதை. காற்று. தண்ணீர்.

"உங்களுக்குக் கேக்கலையா?" என்றாள் அந்தப் பெண்.

அவள் முனையைத் திருப்பிக் கொடுத்தாள். "நீங்க சொல்லுங்கம்மா. வந்துட்டாங்கன்னு. கொஞ்சம் சத்தமா."

அந்தப் பெண் அவளை உற்றுப் பார்த்தாள். ஏதோ புரிந்தது போலிருந்தது. முனையை மாட்டிக்கொண்டு, தன் இடது பக்கத்துப் பனியைப் பார்த்துச் சொன்னாள்.

"வந்துட்டாங்க. இங்கதான் இருக்காங்க."

ஆறு போய்க்கொண்டிருந்தது.

"என்ன சொல்றான்?" என்றாள் தாய்.

பெண்ணின் கண் நிறைந்துவிட்டது. "'அப்ப வீட்டுக்குப் போலாமா'ன்னு கேக்கறாரு."

திரும்பும் ரயிலில் நெரிசல் தாங்கவில்லை. வாசல்வரை ஆட்கள் நின்றுகொண்டு வந்தார்கள். தாய்க்கு ஜன்னலோர இருக்கை கிடைத்திருந்தது. பக்கத்து இருக்கை, அவளுடைய இடப்பக்கம், வெகுநேரம் காலியாகவே இருந்தது. ஒரு நிலையத்தில் ஏறிய பெரியவர் ஒருவர் கூட்டத்தைப் பிளந்துகொண்டு வந்து, அதில் உட்காரப்போய், பாதியில் சட்டென்று நிமிர்ந்தார்.

"மன்னிச்சுக்குங்க தம்பி, கவனிக்கல" என்று அந்த இருக்கையிடம் சொல்லிவிட்டு, அடுத்த பெட்டிக்கு நகர்ந்து போனார்.